பெயர் தருவது ஒருவர், பணம் தருவது இன்னொருவர்: இன்டீரியர் புகைப்படத் தொழில் பற்றி

இணையக் கடைகளுக்குப் பொருட்களைப் படமெடுத்துக் கொடுத்துவரும் ஒருவர் கேட்டிருக்கிறார். உள்ளலங்கார இதழ்களில் வரும் வீட்டுப் படங்களைப் பார்த்து ஆசை வந்துவிட்டதாம். அதையே முழுநேரத் தொழிலாக்க முடியுமா, என்ன கருவி வேண்டும், இதழ்களுக்குள் எப்படி நுழைவது என்று கேட்கிறார். "இலவசமாக எடுத்துக் கொடுங்கள், இதழில் வரவைக்கிறேன்" என்று ஒரு வடிவமைப்பாளர் சொல்வதை நம்பலாமா, ஏஐ வந்த பிறகு இதெல்லாம் நிற்குமா என்பவை மீதிக் கேள்விகள். ஒற்றை வரியில் முடிகிற பதில் இல்லை.

முதலில் பிழைப்பைப் பேசிவிடுவோம். இதழ்களுக்கு வீடுகளைப் படமெடுப்பதை மட்டும் வைத்துக் குடும்பம் நடத்துகிறவர்கள் எங்கே தேடினாலும் மிகச் சிலர்தான். இதழ் தரும் தொகையிலிருந்து உதவியாளர் சம்பளம், பயணம், வாடகைக் கருவிகள், அதன்பின் கணினி முன்னால் உட்காரும் நாட்கள் எல்லாவற்றையும் கழித்துப் பாருங்கள், மிஞ்சுவது சொற்பம். சில மாதங்களில் கையையும் கடிக்கும். பணம் வருவது ஹோட்டல்கள், கட்டடக் கலைஞர்கள், உள்ளலங்கார நிறுவனங்கள், மரச்சாமான் தயாரிப்பாளர்கள், பெயிண்ட், டைல்ஸ், விளக்கு, குழாய் கம்பெனிகள், அவர்களுடைய விளம்பர ஏஜென்சிகள் ஆகியோரிடமிருந்து. ஆனால் இவர்கள் எதைப் பார்த்து உங்களைக் கூப்பிடுகிறார்கள்? இதழில் உங்கள் பெயரோடு வந்த அந்தப் பத்துப் பக்கங்களைப் பார்த்துத்தான். ஆக, பெயர் தருகிறவர் ஒருவர், பணம் தருகிறவர் இன்னொருவர். இருவரும் ஒரே அறையிடம் கேட்பது ஒன்றல்ல. இந்தத் தொழிலின் சிக்கல் முழுவதும் அந்த இடைவெளியில்தான் இருக்கிறது. சுவையும் அங்கேதான்.

ஒரு சோபாவை எடுத்துக்கொள்ளுங்கள். அதைச் செய்த கம்பெனிக்கு நான்கு காலும் தெரிய வேண்டும், துணியின் நெசவு தெரிய வேண்டும், திரையில் தெரியும் நிறம் கடையில் தொங்கும் துணிமாதிரியோடு ஒத்துப்போக வேண்டும். பக்கத்து மேசையில் போட்டிக் கம்பெனியின் விளக்கு தப்பித்தவறிக்கூட இருக்கக் கூடாது. இதழாசிரியருக்கு அதே சோபா பாதி வெட்டுப்பட்டு ஓரத்தில் கிடந்தாலும் போதும். அங்கே யார் உட்காருகிறார்கள், எந்த ஜன்னலைப் பார்த்து உட்காருகிறார்கள் என்பதுதான் அவருக்கு வேண்டும். பெயிண்ட் கம்பெனிக்குச் சுவர்தான் கதாநாயகன், சோபா வெறும் துணை நடிகர். ஹோட்டல்காரருக்கு அறை விசாலமாகத் தெரிய வேண்டும், ஆனால் வந்து தங்கும் விருந்தினர் ஏமாந்ததாக நினைக்கும் அளவுக்கு அல்ல. கட்டடக் கலைஞர் திரைச்சீலையை எடுத்துவிடச் சொல்வார், அவருடைய சுவரும் கூரையும் சேரும் கோடு அதற்குப் பின்னால் மறைகிறது. அதே வீட்டுக்கு உள்ளலங்காரம் செய்தவர் திரைச்சீலையை இழுத்து மடிப்புத் தெரிய விடச் சொல்வார். இருவரும் ஒரே நாளில் உங்கள் முதுகுக்குப் பின்னால் நின்றுகொண்டிருப்பார்கள். படமெடுக்கத் தொடங்குவதற்கு முன்பே "இது யாருக்கான படம்" என்று கேட்டுத் தெளிவுபடுத்திக்கொள்ளாதவர் சாயங்காலம் வரை பஞ்சாயத்து பண்ணிக்கொண்டிருக்க வேண்டியதுதான்.

இந்தத் தொழிலின் பெரிய பெயர்கள் எப்படி வந்தார்கள் என்று பார்த்தால் ஒரு விஷயம் தெளிவாகும். ஜூலியஸ் ஷுல்மன் 1936ல் லாஸ் ஏஞ்சலிஸில் கட்டடக் கலைஞர் ரிச்சர்ட் நாய்ட்ரா வடிவமைத்த ஒரு வீட்டைச் சட்டைப்பையில் அடங்கும் கோடாக் கேமராவில் எடுத்தார். அப்போது அவர் தொழில்முறைப் புகைப்படக்காரரே அல்ல. படங்களைப் பார்த்த நாய்ட்ரா அவற்றை விலைக்கு வாங்கிக்கொண்டு மேலும் வேலை கொடுத்தார். லூசியன் ஹெர்வே 1949ல் பிரான்ஸின் மார்சேய் நகரில் கட்டடக் கலைஞர் லே கொர்பூசியேயின் குடியிருப்புக் கட்டடத்துக்குப் போய் ஒரே நாளில் 650 படங்கள் எடுத்து அவருக்கு அனுப்பினார். அதன்பின் 1965ல் கொர்பூசியே இறக்கும்வரை அவருடைய புகைப்படக்காரர் ஹெர்வேதான். இருவருக்கும் தொடர்ந்து வேலை கொடுத்து வளர்த்தவர் வடிவமைப்பாளர். இன்றும் அதே வழிதான். உங்களையும் உங்கள் வயதொத்த இரண்டு மூன்று வடிவமைப்பாளர்களையும் பத்து வருடம் சேர்த்து வைத்துப் பார்த்தால், அவர்கள் வளர வளர நீங்களும் வளர்ந்திருப்பீர்கள். இன்று பெரிய பெயராக இருப்பவருக்கு ஏற்கெனவே ஒரு புகைப்படக்காரர் இருப்பார். அவர் வீட்டு வாசலில் போய் நிற்பது வீண்.

இனி வேலை நடக்கும் விதம். ஷூட்டுக்கு முன்பு ஒருமுறையாவது இடத்தைப் போய்ப் பார்க்க வேண்டும். எந்த அறைக்குள் காலையில் வெயில் வருகிறது, எதற்குள் மாலையில் வருகிறது, எது நாள் முழுக்க ஒரே சீராக இருக்கிறது என்று குறித்துக்கொண்டு, அந்த வரிசையில்தான் அன்றைய நாளை அமைக்க வேண்டும். சாப்பாட்டறை முதலில், படுக்கையறை கடைசியில் என்று வீட்டுக்காரர் சுற்றிக் காட்டிய வரிசையில் எடுப்பவர் பாதி அறைகளைத் தப்பான நேரத்தில் எடுப்பார். இன்னொன்றும் அப்போதே தெரிந்துவிடும்: வீடு உண்மையில் முடிந்திருக்கிறதா? "எல்லாம் ரெடி" என்று தொலைபேசியில் சொன்ன வீட்டுக்கு உதவியாளரோடு போய் இறங்கினால், தச்சர் கதவுக்குக் கைப்பிடி போட்டுக்கொண்டிருப்பார். இது விதிவிலக்கே அல்ல, வழக்கம். அதனால்தான் கடைசி நேர ரத்துக்குக் கட்டணம் உண்டு என்று ஒப்பந்தத்தில் எழுதிக்கொள்கிறோம்.

கேமராவின் உயரம் பற்றிப் புதியவர்கள் யோசிப்பதே இல்லை. நின்றபடி கண்மட்டத்தில் வைத்து எடுத்தால் தரை பெரிதாகவும் சாமான்கள் குட்டையாகவும் தெரியும். உட்கார்ந்திருப்பவரின் கண்மட்டத்துக்கு, ஏறக்குறைய ஒரு மீட்டரிலிருந்து 1.2 மீட்டருக்கு இறக்கினால் அறை அமைதியாகிவிடும். நாற்காலிக்கு முகம் வரும், கூரைக்கும் தரைக்கும் சமமான பங்கு கிடைக்கும். சமையலறையில் மட்டும் சற்று உயர்த்த வேண்டும், இல்லையென்றால் மேடையின் மேற்பரப்பு ஒற்றைக் கோடாக ஒடுங்கிவிடும். கேமரா துல்லியமாக மட்டமாக நிற்க வேண்டும். மேல்நோக்கிச் சாய்த்தால் சுவர்கள் உள்நோக்கிச் சாயும். உயரத்தில் இருப்பதையும் படத்துக்குள் கொண்டுவர வேண்டும், சுவரும் நேராக நிற்க வேண்டும் என்பதற்காகத்தான் ஷிஃப்ட் லென்ஸ். கேமராவை அசைக்காமல் லென்ஸை மட்டும் மேலே நகர்த்தலாம். ஒருகாலத்தில் 4க்கு 5 அங்குல ஃபிலிம் போடும் பெரிய கேமராக்களில் இதைச் செய்தார்கள். இப்போது 17, 24 மி.மீ. டில்ட்-ஷிஃப்ட் லென்ஸ்கள் அதைச் செய்கின்றன.

அகலக் கோண லென்ஸ் மீது எனக்கு ஒரு பகை உண்டு, மறைக்கவில்லை. 14 மி.மீ. லென்ஸை (எண் குறையக் குறையக் கோணம் அகலும்) மாட்டிக்கொண்டு மூலையில் முதுகை ஒட்டி நின்று எடுத்தால் சின்ன அறையும் மண்டபமாகிவிடும். வீடு விற்கும் தரகருக்கு அது பிடிக்கும். ஆனால் படத்தின் ஓரத்திலுள்ள உருண்டைக் கிண்ணம் முட்டையாக நீண்டிருக்கும், அருகிலுள்ள நாற்காலி பூதமாகவும் தூரத்து மேசை பொம்மையாகவும் தெரியும். இதழாசிரியர் ஒரு பார்வையில் கண்டுபிடித்துவிடுவார். இதழ்களில் உங்களுக்குப் பிடித்த படங்களில் பெரும்பாலானவை 35லிருந்து 50 மி.மீ. வாக்கில் எடுத்தவையாக இருக்கும். அறையின் மூன்று சுவரையும் காட்ட வேண்டும் என்ற ஆசையை விட்டுவிட்டு, ஒரு சுவரையும் அதன் முன்னால் இருப்பதையும் நிதானமாகப் பார்த்தவை. எதை விட்டுவிடுவது என்று தெரிந்தால் இந்த வேலையில் பாதி தெரிந்த மாதிரி.

வெளிச்சத்தில்தான் உண்மையான தேர்வு. பகலில் ஜன்னலுக்கு வெளியே உள்ள பிரகாசத்துக்கும் உள்ளே மூலையில் உள்ள இருட்டுக்கும் ஆறு ஏழு ஸ்டாப் வித்தியாசம் சாதாரணமாக வரும் (ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சம் இரட்டிப்பாவது). அதற்குமேல் நிறக்குழப்பம் வேறு. வெளிச்சத்தின் நிறத்தைக் கெல்வினில் அளப்பார்கள்: பகல் வெளிச்சம் 5500 கெல்வினை ஒட்டியிருக்கும், மஞ்சள் பல்பு 2700 கெல்வினை ஒட்டியிருக்கும், மலிவான எல்இடி தன் பங்குக்குப் பச்சைச் சாயல் ஒன்றைச் சேர்க்கும். மூன்றும் ஒரே வெள்ளைச் சுவரில் விழுந்தால் சுவர் நீலமாகவும் ஆரஞ்சாகவும் அழுக்குப் பச்சையாகவும் திட்டுத்திட்டாக நிற்கும். ஃபிலிம் காலத்தில் ஜன்னல் கண்ணாடிகளுக்கே நிறத்தாள் ஒட்டினார்கள், பொலராய்டில் ஒன்று எடுத்துப் பார்த்தார்கள், வெளியே இருட்டிவரும் நேரத்துக்காகக் காத்திருந்தார்கள். இப்போது ட்ரைபாடை அசைக்காமல் வேறுவேறு எக்ஸ்போஷரில், அதாவது வெளிச்சம் பதியும் அளவை மாற்றி மாற்றி, பல ஃப்ரேம்கள் எடுத்து, பிறகு கையால் அடுக்கிச் சேர்க்கிறோம். மென்பொருளே தானாகச் சேர்த்துக் கொடுக்கும் எச்டிஆர் உண்டு. அதில் ஜன்னல் சாம்பல் நிறமாகவும், நிழலே இல்லாத அறை பிளாஸ்டிக் மாதிரியும் வரும். அப்படிப்பட்ட படத்தோடு ஒரு நல்ல இதழின் கதவைத் தட்ட வேண்டாம்.

இதழுக்கு எடுக்கும்போது பெரும்பாலும் அறை விளக்குகளை எல்லாம் அணைத்துவிட்டு ஜன்னல் வெளிச்சத்தை மட்டும் நம்புவார்கள். 1981ல் லண்டனில் தொடங்கிய தி வேர்ல்ட் ஆஃப் இன்டீரியர்ஸ் போன்ற இதழ்கள் இந்த ரசனையைப் பழக்கின. ஒரு பக்கத்திலிருந்து வெளிச்சம், மறுபக்கத்தில் தைரியமாக விட்ட இருட்டு. வெளிச்சம் எல்லாப் பக்கமும் சிதறி அறை தட்டையாகத் தெரிந்தால், எதிர்ப்பக்கத்தில் கறுப்புத் துணியைப் பிடித்து நிழலை ஆழமாக்குவோம். வெளிச்சத்தைக் கூட்டுவதைவிடக் குறைப்பதற்கு அதிக நேரம் போகும். ஹோட்டல் வேலைக்கு இது செல்லாது. அங்கே விளக்குகளே வடிவமைப்பின் ஒரு பகுதி, எரிந்தாக வேண்டும். அதனால்தான் வெளியே நீலம் படரும் அந்தி நேரத்துக்கு எல்லோரும் அடித்துக்கொள்கிறோம். உள்ளேயும் வெளியேயும் வெளிச்சம் சமமாக நிற்கும் அந்த நேரம் பூமத்தியரேகையை நெருங்க நெருங்கச் சுருங்கிக்கொண்டே போகும், வடக்கே போகப் போகக் கோடையில் நீண்டுகொண்டே போகும். ஒரே அந்தியில் நீச்சல்குளம், வரவேற்பறை, முகப்பு மூன்றையும் கேட்கும் கிளையன்டிடம் "ஒரு அந்திக்கு ஒரு படம்" என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

ஷுல்மன் 1960ல் எடுத்த அந்தப் புகழ்பெற்ற படம் நினைவிருக்கலாம். மலைவிளிம்பில் கண்ணாடி அறை, உள்ளே உட்கார்ந்து பேசும் இரண்டு பெண்கள், கீழே நகரத்தின் விளக்குகள். பியர் கோனிக் வடிவமைத்த ஸ்டால் வீடு அது. ஏதோ தற்செயலாகச் சிக்கிய கணம் போலத் தெரியும். உண்மையில் உள்விளக்குகளை அணைத்துவிட்டுச் சுமார் ஏழு நிமிடம் நகர விளக்குகளுக்காக எக்ஸ்போஷர் கொடுத்து, பிறகு உள்ளே ஃபிளாஷ் வெடித்து அந்தப் பெண்களைப் பதிவுசெய்தார். இரண்டு வெளிச்சங்களை ஒரே ஃபிலிமில் சேர்த்த வேலை. இன்று நாம் கணினியில் அடுக்குவதற்கும் அதற்கும் தத்துவ வேறுபாடு ஒன்றும் இல்லை. தோட்டம் வளராத புது வீடுகளுக்கு முன்னால் வெட்டிய மரக்கிளையைப் பிடித்துக்கொண்டு படமெடுப்பதும் அவருக்குப் பழக்கம். "இயற்கையாக எடுக்கணும், எதையும் தொடக் கூடாது" என்று விரதம் இருப்பவர்களுக்காக இதைச் சொல்கிறேன்.

தொடுவது என்றதும் நினைவுக்கு வருபவர் ஸ்டைலிஸ்ட், படத்துக்காக அறையை ஒழுங்குபடுத்துகிறவர். நல்ல ஸ்டைலிஸ்ட் கொண்டுவருவதைவிட அகற்றுவதுதான் அதிகம். தொலைக்காட்சி வயர், ரிமோட், குப்பைத்தொட்டி, மருந்துச் சீட்டு, குளிர்பதனப் பெட்டியில் ஒட்டிய காந்தங்கள் எல்லாம் போன பிறகு அறை மூச்சுவிடும். பிறகுதான் ஒரு நாற்காலியைச் சற்றுத் திருப்பி வைப்பது, போர்வையை அலட்சியமாகச் சரியவிடுவது. நடுமேசையில் எலுமிச்சைக் கிண்ணம் வைக்கும் பழக்கத்தை மட்டும் யாராவது தடைசெய்தால் நன்றாக இருக்கும்.

ஒரு நாளைக்கு எத்தனை படம்? பொருள் படம் எடுத்துப் பழகியவருக்கு இது அதிர்ச்சியாக இருக்கும்: எட்டு முதல் பன்னிரண்டு நல்ல படம் கிடைத்தால் அது நிறைவான நாள். ஒவ்வொன்றும் பெரிய திரையில் கேபிளோடு இணைத்துப் பார்த்து, குஷனை இரண்டு விரல்கடை நகர்த்தி, மறுபடி பார்த்து எடுப்பது. இதழுக்கு எடுக்கும்போது பக்க அமைப்பும் மனதில் ஓட வேண்டும். இரண்டு பக்கமும் பரவும் படத்தில் நடுமடிப்பு விழும் இடத்தில் முக்கியமான எதுவும் இருக்கக் கூடாது. அட்டைப்படத்துக்கு நெடுக்குவாட்டில் ஒன்று, மேலே இதழின் பெயருக்கு இடம் விட்டு, ஒரு பக்கம் எழுத்து வைக்க அமைதியாக. முழு அறை, பாதி அறை, நெருக்கமான ஒரு கைப்பிடி அல்லது மேசைமூலை, வீட்டுக்காரரின் உருவப்படம் என்று தூரம் மாறிமாறி வர வேண்டும். பன்னிரண்டு அகலப் படங்களை மட்டும் கொடுத்தால் பக்கங்களை வடிவமைக்கும் ஆர்ட் டைரக்டர் தலையில் கைவைத்துக்கொள்வார், அவை எவ்வளவு அழகாக இருந்தாலும்.

இதழ்களுக்குள் நுழையும் வழி இரண்டு. இதழே வீட்டைத் தேர்ந்தெடுத்து உங்களை அனுப்புவது ஒன்று, ஆரம்பத்தில் அது நடக்காது. இன்னொன்று, வீட்டை நீங்களே கண்டுபிடித்துக் கொண்டுபோவது. இதழாசிரியருக்குப் பெரும் பசி புகைப்படக்காரர் மேல் அல்ல, இதுவரை எங்கும் வராத வீட்டின் மேல். ஆகவே வெளியே தெரியாத நல்ல வீடு ஒன்று உங்களுக்குத் தெரியும் என்பதுதான் உங்கள் கையிலிருக்கும் சீட்டு. எட்டுப் பத்து முன்பார்வைப் படங்கள், யார் வீடு, யார் வடிவமைத்தது, அதில் என்ன விசேஷம் என்று ஒரு பத்தி. அவ்வளவே அனுப்புங்கள். ஒரு நேரத்தில் ஓர் இதழுக்கு மட்டும். இரண்டு இதழுக்கு ஒரே வீட்டை அனுப்பி இருவரும் சரி என்றால், இரண்டு இடத்திலும் உங்கள் பெயர் கெட்டுப்போகும். அனுப்புமுன் அந்த இதழின் கடைசி ஒரு வருடத்தைப் புரட்டுங்கள். ஓர் இதழ் பழைய வீடுகளையும் தேய்ந்த சுவர்களையும் விரும்பும், இன்னொன்று பளபளப்பைத் தவிர வேறெதையும் தொடாது.

ஒத்துக்கொண்டபின் பொறுமை வேண்டும். அச்சு இதழ்கள் பல மாதங்கள் முன்கூட்டியே வேலைசெய்பவை. குளிர்கால இதழுக்கான வீட்டைக் கோடையில் எடுப்பது சகஜம். அதுவரை ஒரு படமும் வெளியே வரக் கூடாது. இங்கேதான் அடிக்கடி கெட்டுப்போகிறது. வடிவமைப்பாளர் ஆசை தாங்காமல் இன்ஸ்டாகிராமில் நான்கு படம் போட்டுவிடுவார், இதழ் அந்த வீட்டையே கைவிட்டுவிடும். ஷூட்டுக்கு முன்பே வீட்டுக்காரர், வடிவமைப்பாளர், ஒப்பந்தக்காரர் எல்லோரிடமும் எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

"இலவசமாக எடுத்துக் கொடுங்கள், இதழில் வரவைக்கிறேன்." இந்த வாக்கைக் கொடுக்க அவருக்கு அதிகாரமே இல்லை. முடிவு இதழாசிரியருடையது. படங்கள் நன்றாக வந்தால் இதழில் வரப்போவது உங்கள் உழைப்பால், அதற்கு அவருடைய சிபாரிசு ஓரளவு உதவும், அவ்வளவே. அதற்காக மறுத்துவிடுங்கள் என்று சொல்ல மாட்டேன். வீடு உண்மையிலேயே நன்றாக இருந்தால், உங்கள் தொகுப்பில் இன்னும் ஒரு வீடுகூட இல்லையென்றால், எடுங்கள். ஆனால் அதை அவருக்குச் செய்யும் உதவியாக எடுக்காமல் உங்கள் சொந்த வேலையாக எடுங்கள். படங்களின் உரிமை உங்களுடையது, எந்த இதழுக்கு அனுப்புவது என்று நீங்கள் தீர்மானிப்பீர்கள், அவர் தன் இணையதளத்தில் மட்டும் குறிப்பிட்ட காலம் பயன்படுத்தலாம், டைல்ஸ் கம்பெனிக்கும் விளக்குக் கம்பெனிக்கும் தூக்கிக் கொடுக்கக் கூடாது. இந்த நான்கையும் மின்னஞ்சலில் எழுதுங்கள். ஒப்புக்கொண்டால் எடுங்கள். முகம் சுளித்தால் அவருக்கு வேண்டியிருந்தது இலவசம் மட்டுமே என்று தெரிந்துவிடும்.

ஏன் இவ்வளவு கறார்? இந்தத் தொழிலில் விற்பது படம் அல்ல, படத்தைப் பயன்படுத்தும் அனுமதி. எங்கே, எவ்வளவு காலம், எந்த நாடுகளில், அவருக்கு மட்டுமா பிறருக்கும் விற்கலாமா என்ற நான்கு கேள்விகளின் பதிலைப் பொறுத்து ஒரே படத்தின் விலை பல மடங்கு மாறும். கட்டடக் கலைஞரின் இணையதளத்தில் இருக்கும் படம் நெடுஞ்சாலை விளம்பரப் பலகைக்குப் போனால் அது வேறு வியாபாரம். கோட்டேஷனில் உழைப்புக்கான நாள் கட்டணம், செலவுகள், பயன்பாட்டுக் கட்டணம் மூன்றையும் தனித்தனியாகப் போடுங்கள். எல்லாவற்றையும் ஒரே எண்ணாகப் போட்டால் பேரத்தில் முதலில் காணாமல் போவது மூன்றாவது. பெரிய கம்பெனிகளின் ஒப்பந்தத்தில் "எல்லா ஊடகங்களிலும், எக்காலத்துக்கும்" என்ற வரி சத்தமில்லாமல் நடுவில் உட்கார்ந்திருக்கும். அதற்கும் ஒரு விலை உண்டு, அந்த விலையைச் சொல்லுங்கள்.

சட்டம் எல்லா இடத்திலும் உங்கள் பக்கம் நிற்காது. பிரிட்டனின் 1988ஆம் ஆண்டுச் சட்டப்படி, பணம் கொடுத்து எடுக்கச் சொன்னவர் வேறொருவராக இருந்தாலும் காப்பிரைட் முதலில் புகைப்படக்காரருக்குத்தான். அமெரிக்காவிலும் சுதந்திரமாக வேலைசெய்பவருக்கு ஏறக்குறைய அப்படித்தான், எழுதிக் கொடுத்தால் ஒழிய. இந்தியாவின் 1957ஆம் ஆண்டுச் சட்டத்தில் பிரிவு 17 நேர் எதிர்: பணம் கொடுத்து எடுக்கச் சொன்னவரே முதல் உரிமையாளர், வேறுவிதமாக ஒப்பந்தம் இல்லாத பட்சத்தில். கடைசியில் வரும் அந்த ஒப்பந்தச் சொற்கள்தான் முக்கியம். எந்த நாட்டில் இருந்தாலும் உங்கள் எழுத்துதான் உங்களைக் காப்பாற்றும்.

செலவைப் பங்குபோடும் முறையும் உண்டு, நியாயமானது. ஒரு வீட்டைக் கட்டடக் கலைஞர், உள்ளலங்காரம் செய்தவர், சமையலறை கம்பெனி மூவரும் சேர்ந்து எடுக்கச் சொல்லலாம். அடிப்படைக் கட்டணத்தைப் பகிர்ந்துகொண்டு, ஒவ்வொருவரும் தன் பயன்பாட்டுக்குத் தனியாகக் கொடுப்பார்கள். ஷூட்டுக்கு முன்பே "வேறு யாருக்கெல்லாம் வேண்டும்" என்று கேட்டுவிட்டால் எல்லோருக்கும் மலிவு, உங்களுக்கும் வருமானம் கூடும். பிறகு தெரியவந்தால் சண்டை.

கருவி பற்றிக் கேட்டதற்குச் சுருக்கமாக: உறுதியான ட்ரைபாட், மில்லிமீட்டர் மில்லிமீட்டராக நகர்த்தத் தோதாகப் பல்சக்கரம் வைத்த தலை, ஒரு ஷிஃப்ட் லென்ஸ், ஒரு 50 மி.மீ. லென்ஸ், கணினியோடு இணைக்கும் கேபிள், நிறம் சரிபார்க்கும் அட்டை. கேமரா உடல் எதுவானாலும் பரவாயில்லை, ஒளியுணர்வைக் குறைத்து ஐஎஸ்ஓ 100ல், லென்ஸின் துளையைச் சுருக்கி எஃப்/8, எஃப்/11 என்று ட்ரைபாடில் வைத்து எடுக்கும் வேலைக்குப் புத்தம்புது மாடல் எதற்கு? ஷிஃப்ட் லென்ஸை முதலில் வாடகைக்கு எடுங்கள்.

அதைவிட அவசரம், யாரிடமாவது உதவியாளராகப் போவது. கேபிளை ஒட்டுவது, திரைச்சீலையை நீராவியில் தேய்ப்பது எல்லாம் ஒரு வாரத்தில் பழகிவிடும். புத்தகத்தில் கிடைக்காதது வேறு: கிளையன்ட் கேட்கும் மோசமான கோணத்தை அவர் மனம் நோகாமல் எப்படித் தட்டிக்கழிக்கிறார்கள், மழை வந்தால் அன்றைய வேலைகளை எப்படி மாற்றி அடுக்குகிறார்கள், அந்நியர் வீட்டுக்குள் எட்டு மணி நேரம் எப்படி நடந்துகொள்கிறார்கள். கடைசியில் சொன்னதை லேசாக நினைக்காதீர்கள். மனிதர்கள் தங்கள் படுக்கையறையைத் திறந்துவிடுகிறார்கள். செருப்பைக் கழற்றுவதிலிருந்து, நகர்த்திய ஒவ்வொன்றையும் கைபேசியில் படமெடுத்து வைத்துக்கொண்டு திரும்ப அதே இடத்தில் வைப்பதுவரை எல்லாமே வேலையின் பகுதி. பூட்டின் வகை, சாவி மாட்டும் பலகை, ஜன்னல் வழியே தெருவை அடையாளம் காட்டும் காட்சி ஆகியவை படத்தில் விழக் கூடாது. கோப்பில் பதிந்திருக்கும் இடக்குறிப்பையும் நீக்கிவிட்டுத்தான் கொடுக்க வேண்டும். சுவரில் தொங்கும் ஓவியத்துக்கும் உரிமையாளர் உண்டு. விளம்பரத்துக்குப் போகும் படமென்றால் ஓவியரிடம் அனுமதி வாங்குங்கள், அல்லது அதை இறக்கிவையுங்கள். எதையாவது உடைத்தால் என்ன செய்வது என்பதற்குக் காப்பீடு இருக்கிறது. இந்த வேலையில் ஒருநாள் எதையாவது உடைப்பீர்கள்.

படங்களைச் சேமித்து வைப்பது சலிப்பான வேலைதான், ஆனால் வயதான காலத்தில் சோறு போடுவது அதுதான். வீடு, வடிவமைப்பாளர், ஆண்டு, அறை, பொருட்கள் என்று குறிச்சொல் எழுதி வைத்த படம் பத்து வருடம் கழித்தும் விலைபோகும். அமெரிக்கக் கட்டடக்கலைப் புகைப்படக்காரர் எஸ்ரா ஸ்டோலர் 1966ல் எஸ்டோ என்ற ஏஜென்சியை நிறுவியது கட்டடக்கலைப் படங்களின் இந்த மறுபயன்பாட்டையும் ஒரு தொழிலாக நடத்தத்தான். ஷுல்மனின் 2,60,000க்கும் மேற்பட்ட நெகட்டிவ்களும் பிரதிகளும் 2005ல் லாஸ் ஏஞ்சலிஸின் கலை ஆய்வு நிறுவனமான கெட்டி ஆய்வு மையத்துக்குப் போயின. உரிமையை விற்றுவிட்டவரின் பெட்டியில் வெறும் கோப்புகள்தான் மிஞ்சும்.

ஏஐ விஷயத்துக்கு வருவோம். இதில் பீதி புதிது, நிகழ்வு பழையது. மரச்சாமான் கம்பெனியான ஐக்கியா 2006லேயே ஒரு மர நாற்காலியைக் கேமரா இல்லாமல் கணினியில் உருவாக்கித் தன் கேட்டலாகில் வைத்தது. 2014 வாக்கில் அவர்களுடைய பொருள் படங்களில் முக்கால்வாசி அப்படி வந்தவை என்று அவர்களே சொன்னார்கள். பார்த்தவர்களுக்கு வித்தியாசம் தெரியவில்லை. ஆக, வெள்ளைப் பின்னணியில் நாற்காலி, கற்பனை அறையில் சோபா போன்ற வேலைகள் கேமராவை விட்டுப் போய்க்கொண்டிருப்பது இன்று நேற்றல்ல, ஏஐ அந்த ஓட்டத்தை வேகப்படுத்துகிறது. நீங்கள் இப்போது செய்துகொண்டிருப்பது அந்த வேலைதான். அதனால் இன்டீரியருக்கு மாறுவதில் ஆபத்து இருக்கிறதா என்பதைவிட, மாறாமல் இருப்பதில் எவ்வளவு ஆபத்து என்று கணக்குப் போடுங்கள்.

கட்டி முடித்த வீட்டுக்கு இது அவ்வளவு சுலபமாக நடக்காது. கட்டடக் கலைஞரிடம் ஏற்கெனவே கணினிப் படம் இருக்கிறது, கட்டுவதற்கு முன்பே அதைக் காட்டித்தான் வேலையை வாங்கினார். கட்டி முடித்தபின் அவருக்கு வேண்டியது, இது நிஜமாகவே நின்றது என்பதற்கான சாட்சி. இதழுக்கும் அப்படித்தான், இல்லாத வீட்டில் யார் வாழ்கிறார்கள் என்று எழுதுவது? ஆனால் சாட்சி என்றால் கைவைக்கும் அளவுக்கும் எல்லை வரும். சுவிட்சை அழிப்பதும் புல்தரையின் சொட்டையை நிரப்புவதும் எல்லோரும் செய்வது. தூணை அழிப்பதும், எதிரே இருக்கும் கட்டடத்தை எடுத்துவிட்டுக் கடலை வைப்பதும் பொய். விற்பனைக்கு உள்ள வீடாக இருந்தால் மோசடி வழக்கு வரைக்கும் போகலாம்.

ஐக்கியா அந்த மாற்றத்தின்போது செய்த ஒன்று உங்களுக்கு நேரடியாகப் பயன்படும். புகைப்படக்காரர்களை முப்பரிமாண மென்பொருள் கற்கச் சொன்னார்கள், மென்பொருள்காரர்களைக் கேமரா பிடிக்கச் சொன்னார்கள். ஒளி எங்கிருந்து வருகிறது, லென்ஸ் எந்த உயரத்தில் நிற்கிறது என்று தெரியாதவர்கள் உருவாக்கிய அறைகள் பொய்யாகத் தெரிந்ததுதான் காரணம். எனவே கையிலிருக்கும் பொருள் பட வேலையை உடனே விட வேண்டாம். அதில் வரும் பணத்தில் வாரத்துக்கு இரண்டு நாளை உதவியாளர் வேலைக்கு ஒதுக்குங்கள், தெரிந்தவர்களின் வீடுகளில் ஐந்தாறு அறைகளை ஜன்னல் வெளிச்சத்தில் மட்டும் எடுத்துத் தொகுப்பு ஒன்று சேருங்கள், மாலையில் ஏதாவது ஒரு முப்பரிமாண மென்பொருளின் அடிப்படையைப் பழகுங்கள். இரண்டு வடிவமைப்பாளர்கள் கூப்பிடாமலே இரண்டாவது முறை உங்களிடம் வந்த பிறகு, பழைய வேலையை எப்போது நிறுத்துவது என்று யோசிக்கலாம்.